ஐந்துக்கு வலப்பக்கம்

கவிதை மந்திரம்போல் இயங்கவேண்டும் என்று நண்பர்கள் எழுதும்போதெல்லாம் எனக்குக் கூச்சமாக இருக்கிறது. எழுதுகிறவர்களில் பெரும்பாலோர், மந்திரம் எழுதுகிற ஒருவனைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தவர்கள் இல்லை. அர்த்தத்துக்கு முந்திய ஒலி, அறிவைத் தாண்டிய அனுபவம், குறியீட்டின் சுயமான சக்தி என்று சொல்லிக்கொண்டு போவதற்கு அந்த வார்த்தை சௌகரியமாக இருக்கிறது, அவ்வளவுதான். நான் பார்த்திருக்கிறேன். என் அப்பாவைப் பெற்ற ஐயா தகடு எழுதுகிறவர். அவரிடம் அர்த்தத்துக்கு முந்தியதும் இல்லை, பிந்தியதும் இல்லை. சரியா தப்பா என்ற ஒன்றுதான் இருந்தது.

எங்கள் ஊர் அன்னவாசலிலிருந்து குடுமியான்மலைக்குப் போகிற பக்கம். சமஸ்தானம் 1948-ல் இந்திய யூனியனில் சேர்ந்து திருச்சி ஜில்லாவுக்குள் போயிற்று. 1974-ல்தான் புதுக்கோட்டை தனி மாவட்டம் ஆனது. ஐயாவுக்கு அது கடைசிவரை தொண்டைமான் சீமைதான். பகலில் நாட்டு வைத்தியம் பார்ப்பார், சூரணம் இடிப்பார். தகடு எழுதுவது செவ்வாயும் வெள்ளியும் விடிவதற்கு முன்னால். செப்புத் தகட்டைக் கத்தரியால் சதுரமாக வெட்டி, புளியும் சாம்பலும் போட்டுத் தேய்த்து, முகம் தெரிகிற அளவுக்கு மினுக்கிக் கொடுப்பது என் வேலை. ஏடு எழுதின காலத்து எழுத்தாணி ஒன்று அவரிடம் இருந்தது. அதால் நெடுக்கில் இரண்டு கோடு, குறுக்கில் இரண்டு கோடு, சுற்றி ஒரு வரம்பு. ஒன்பது அறை. அறைக்கு ஒரு எண்.

எண் என்று இப்போது சொல்கிறேன். அந்த வயதில் அவை எனக்கு எழுத்துகள். நம் பழைய எண்களின் விசித்திரம் அது. ஒன்று 'க' மாதிரி இருக்கும், இரண்டு 'உ', மூன்று 'ங', நான்கு 'ச', ஐந்து 'ரு', ஆறு 'சா', ஏழு 'எ', எட்டு 'அ', ஒன்பது 'கூ'. பள்ளிக்கூடத்தில் எங்களுக்கு வேறு எண்தான் சொல்லிக் கொடுத்தார்கள். ஆகவே தகட்டை நான் வாசிப்பேன். மேல் வரிசை: உ எ சா. நடு வரிசை: கூ ரு க. கீழ் வரிசை: ச ங அ. வாசித்துவிட்டு அர்த்தம் கேட்பேன். ஐயா சிரிப்பார்.

"அது படிக்கிறதுக்கு இல்லடா. கூட்டுறதுக்கு."

கூட்டினால் எந்தப் பக்கமும் பதினைந்து வரும். இரண்டும் ஏழும் ஆறும். ஒன்பதும் ஐந்தும் ஒன்றும். நான்கும் மூன்றும் எட்டும். மேலிருந்து கீழாகவும் அப்படியே, மூலைக்கு மூலையும் அப்படியே. எழுதுகிற முறைதான் எனக்கு வேடிக்கையாக இருக்கும். இடமிருந்து வலமாக நிரப்பிக்கொண்டு போகக்கூடாது. ஒன்று எந்த அறைக்கு உரியதோ அங்கேதான் முதல் வெட்டு. பிறகு இரண்டின் அறை, பிறகு மூன்றின் அறை. எழுத்தாணி தகட்டின் மேல் குறுக்கும் நெடுக்குமாகத் தாவும். ஏன் ஐயா, நேராப் போனா என்ன என்று ஒரு நாள் கேட்டேன்.

"மகன் பொறக்குறதுக்கு முந்தி பேரன் பொறப்பானா?"

பிழை வந்தால் அடித்துத் திருத்துவது கிடையாது. தகட்டை மடித்துக் கிணற்றில் போட்டுவிட்டு வேறு தகடு எடுப்பார். எழுதி முடித்து மூன்று தடவை கூட்டிப் பார்ப்பார். கண்ணில் புரை விழுந்த பிறகு, கூட்டிப் பார்ப்பதும் என் வேலையாயிற்று. அப்புறம் பால், பன்னீர், விபூதி, ஆயிரத்தெட்டு உரு. சுருட்டிக் குப்பியில் போட்டு மெழுகு வைத்து அடைத்து, கறுப்புக் கயிற்றில் கோத்துக் கொடுப்பார். கட்டிக்கொண்டவர் பிரித்துப் பார்க்கக்கூடாது. தகடு எழுதப்பட்ட பிறகு அதைப் பார்க்கிற கண்ணே உலகத்தில் இல்லை. நம் பத்திரிகைகளின் வாசகர் எண்ணிக்கையைக் குறித்து அலுத்துக்கொள்கிறவர்கள் இதை யோசித்துப் பார்க்கலாம்.

இந்தப் பதினைந்துச் சதுரம் ஐயாவின் சொத்து அல்ல என்பது வெகுகாலம் கழித்துத்தான் தெரிந்தது. சீனர்கள் இதை ஓர் ஆற்றிலிருந்து வந்த ஆமையின் முதுகில் கண்டதாகச் சொல்கிறார்கள். அரபிகள் இதையே தங்கள் எழுத்தில் எழுதினார்கள். அங்கேயும் எழுத்துக்கு எண் மதிப்பு உண்டு. நான்கு மூலையிலும் வருகிற இரண்டு, நான்கு, ஆறு, எட்டுக்கு உரிய எழுத்துகளைச் சேர்த்து 'புதூஹ்' என்று ஒரு வார்த்தை உண்டாக்கி, அந்த வார்த்தையையே காவலாக எழுதி வைத்தார்கள். அர்த்தமில்லாத வார்த்தை. கணக்கிலிருந்து பிறந்த வார்த்தை. திருமயம் பக்கத்துக் காட்டுபாவா பள்ளிவாசலுக்கு எங்கள் அப்பாயியும் போவாள், பக்கத்து வீட்டு ராவுத்தர் அம்மாவும் போவாள். தாயத்து என்று நாம் சொல்கிற சொல்லே அரபியின் 'தாவீஸ்' என்பார்கள். எது யாருடையது என்று பிரிக்க முற்படுகிறவர்கள் இந்த ஒன்பது அறையில் வந்து முட்டிக்கொள்வார்கள்.

ஆறாம் நூற்றாண்டில் வராகமிஹிரர் நான்குக்கு நான்கு சதுரம் ஒன்றை எழுதிவைத்தார். எந்தப் பக்கம் கூட்டினாலும் பதினெட்டு. அது பேய் ஓட்ட அல்ல, வாசனைத் திரவியம் கலக்க. எந்தச் சரக்கு எத்தனை பங்கு என்பதற்கு. மந்திரவாதியும் மருந்துக்கடைக்காரனும் ஒரே ஆளாக இருந்த காலம். எங்கள் வீட்டில் அந்தக் காலம் 1958 வரை நீடித்தது. ஜெர்மனியில் டியூரர் 1514-ல் செதுக்கிய 'மெலன்கோலியா' சித்திரத்தில், கன்னத்தில் கைவைத்து உட்கார்ந்திருக்கும் அந்தச் சிறகு முளைத்த பெண்ணின் தலைக்கு மேல், சுவரில் ஒரு சதுரம் இருக்கிறது. கூட்டினால் முப்பத்துநான்கு. கீழ் வரிசையின் நடு இரண்டு அறையில் 15, 14 என்று ஆண்டையே பொருத்தியிருக்கிறான். அந்த ஆண்டுதான் அவன் தாய் இறந்தாள். அதற்கும் சதுரத்துக்கும் சம்பந்தம் உண்டா என்று பண்டிதர்கள் விவாதிக்கலாம். எனக்கு விவாதம் வேண்டியதில்லை. ஒருத்தி செத்த பிறகு மனிதன் ஏன் எல்லாப் பக்கமும் சரியாக வருகிற ஒன்றைச் செய்ய உட்காருகிறான் என்பது எனக்குத் தெரியும்.

என் தங்கைக்கு நான்கு வயதில் வலிப்பு வந்தது. புதுக்கோட்டையில் டாக்டரிடம் காட்டி கார்டினால் மாத்திரை வாங்கிவந்தார் அப்பா. மாத்திரை தீர்ந்தால் திரும்பப் போய் வாங்குவதற்கு நாளாகும். அப்பாயி காட்டுபாவாவுக்குக் கூட்டிப்போய் ஓதி முடிந்த கயிறு கட்டிவந்தாள். ஐயா தகடு எழுதி இடுப்பில் கட்டினார். இவற்றில் எது கேட்டதோ, ஒன்றரை வருஷத்துக்கு மேல் வலிப்பு வரவில்லை. மாத்திரையை நிறுத்திவிட்டார்கள்.

1958 ஐப்பசியில் மழை நல்ல மழை. ஊருணி தளும்பிக் கிடந்தது. அம்மா துணி அலசிக்கொண்டிருந்தவள், வீட்டில் மாடு கத்துகிற சத்தம் கேட்டு எழுந்து போனாள். போகும்போது, "தம்பி, பாப்பாவைப் பாத்துக்க, படிய விட்டு எறங்க விடாதே" என்று சொல்லிவிட்டுப் போனாள். எனக்கு ஒன்பது வயது. கையில் இரவல் அம்புலிமாமா. மேல்படியில் உட்கார்ந்து வாசித்துக்கொண்டிருந்தேன். இரண்டு பக்கம் வாசித்திருப்பேன். தண்ணீரில் விழுந்த சத்தம்கூடக் கேட்கவில்லை. நிமிர்ந்தபோது படியில் அவளுடைய பாவாடை மட்டும் அம்மா அலசி வைத்தபடி இருந்தது. கொஞ்ச நேரம் அவள் வீட்டுக்குப் போயிருப்பாள் என்று நினைத்தேன். அந்தக் கொஞ்ச நேரம் எவ்வளவு என்று இன்றுவரை எனக்குக் கணக்குத் தெரியாது.

என்னை யாரும் அடிக்கவில்லை, திட்டவில்லை. அம்மா தன்னைத்தான் சொல்லிக்கொண்டாள். ஐயா அதற்குப் பிறகு தகடு எழுதவில்லை. கேட்டு வந்தவர்களிடம், "கண்ணு தெரியலப்பா" என்று அனுப்பிவிடுவார். கண் தெரியவில்லை என்பது உண்மைதான். 1964-ல் இறந்துபோனார்.

இடுப்பிலிருந்து அறுத்த தாயத்தை அம்மா மஞ்சள் துணியில் முடிந்து டிரங்குப் பெட்டியில் வைத்திருந்தாள். 1987-ல் அவள் காலமான பிறகு அது என்னிடம் வந்தது. அப்போது நான் எதையும் நம்பாதவனாக நன்றாகப் பழகியிருந்தேன். கட்டுரைகளில் பகுத்தறிந்து எழுதுவேன், மூடநம்பிக்கை என்ற வார்த்தையைக்கூட மலினமானது என்று தவிர்க்கிற அளவுக்கு நம்பாதவன். குப்பியைக் கத்தி முனையால் திறந்தேன். மெழுகு கல்லாகியிருந்தது. சுருளைப் பிரித்தால் ஒடிந்துவிடுமோ என்று விளக்கின் மேல் காட்டிக் காட்டிப் பிரித்தேன். களிம்பு பச்சையாகப் பூத்திருந்தது. ஒன்பது அறை. எட்டு அறையில் இருப்பது தெளிவாகத் தெரிந்தது. ஐந்துக்கு வலப்பக்க அறையில் இருந்தது க-வா ச-வா என்று தெரியவில்லை.

அங்கே இருக்கவேண்டியது ஒன்று, அதாவது க. எழுத்தாணியில் வெட்டும்போது க-வுக்கும் ச-வுக்கும் இடையில் ஒரு கோடு எப்படி வளைந்து எங்கே முட்டுகிறது என்பதுதான் வித்தியாசம். அந்த இடத்தில் களிம்பு கட்டி, ஒரு கீறலும் ஓடியிருந்தது. கீறல் எழுத்தின் பகுதியென்றால் அது ச. நான்கு. அப்போது நடு வரிசை பதினெட்டு. வலது ஓர வரிசையும் பதினெட்டு. நான்கு இரண்டு தடவை வரும், ஒன்று எங்கேயும் இராது. தகடு தப்பு.

நான் இங்கே சொல்லவேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். அது ச-வாக இருக்கவேண்டும் என்று நான் ஆசைப்பட்டேன். நம்பாத ஒருவன், ஒரு செப்புத் தகட்டில் பிழை இருக்கவேண்டும் என்று, நெஞ்சு அடிக்க, விளக்கைக் கிட்டத்தில் இழுத்துக்கொண்டான். பிழை இருந்தால் தங்கையைக் காக்கவேண்டியது காக்காமல் போனது ஐயாவின் எழுத்தாணியால். இல்லையென்றால் அம்புலிமாமாவால். நம்பிக்கை என்பது கடவுளைப் பற்றியது என்று அதுவரை நினைத்துக்கொண்டிருந்தேன்.

வீட்டில் இருக்க முடியவில்லை. மறுநாள் ஊருக்குப் பஸ் ஏறி, ஊரில் இறங்காமல் குடுமியான்மலைக்குப் போனேன். சிறுவயதில் நூறு தடவை போன இடம். குன்றின் கீழே, குடைவரையான மேலைக்கோயிலுக்குப் பக்கத்துப் பாறையில் அந்தக் கல்வெட்டு இருக்கிறது. சுமார் பதின்மூன்று அடிக்குப் பதினான்கு அடி. கிரந்த எழுத்தில், ஏழாம் நூற்றாண்டைச் சேர்ந்தது. சித்தம் என்றும் நமசிவாய என்றும் தொடங்கி, பிறகு வார்த்தையே இல்லை. எல்லாம் ஸ்வரம். ஏழு பகுதி, நான்கு நான்காகச் சேர்ந்த ஸ்வரக் கொத்துகள். ஒவ்வொரு ஸ்வரமும் ச, சி, சு, செ என்கிற மாதிரி உயிர் மாறி மாறி வருகிறது. முடிவில், ருத்ராசாரியரின் சிஷ்யனான ஒரு பரம மாஹேஸ்வர அரசன் மாணவர்களின் நன்மைக்காகச் செய்தது என்று இருக்கிறது. மகேந்திரவர்மன் என்று பாடப்புத்தகங்கள் சொல்லிவந்தன. கல்லில் அவன் பெயர் இல்லை. சர்க்கார் 1904-ல் கண்டெடுத்து, பி.ஆர். பண்டார்கர் 'எபிக்ராஃபியா இண்டிகா'வின் பன்னிரண்டாம் தொகுதியில் பதிப்பித்தார்.

என் கண் போனது புள்ளிகளில். சில ஸ்வரங்களின் தலைமேல் மட்டும் ஒரு புள்ளி இருக்கிறது. எதற்கு என்பதில் இன்றும் ஒருமிப்பு இல்லை. உயிர் மாறுவது சுருதி வேறுபாட்டைக் காட்ட என்றார்கள் சிலர். வீணையை மீட்டும் விரலின் போக்கைக் காட்ட என்றார்கள் சிலர். மாணவர்களின் நன்மைக்காக என்று எழுதினவனுக்கு அந்தப் புள்ளி புரியாத ஒரு காலம் வரும் என்று தோன்றியிராது. அவன் முன்னால் மாணவர்கள் இருந்தார்கள், கையில் வாத்தியம் இருந்தது. தப்பான இடத்தில் புள்ளி விழுந்திருந்தால் அன்றைக்கே எவனாவது ஒருவன் மீட்டிப் பார்த்து முகம் சுளித்திருப்பான். இன்றைக்கு எங்களில் யார் போய் நின்றாலும் எல்லாப் புள்ளியும் அழகாக இருக்கிறது. பிழையைக் கண்டுபிடிக்கிறவன் செத்த பிறகு எல்லாம் அழகாகிவிடுகிறது. மந்திரத் தன்மை, புதிர்த் தன்மை என்று நாம் கொண்டாடுவதில் பாதி இந்த மறதிதான் என்று எனக்கு அங்கே நின்றபோது பட்டது.

கே.சி.எஸ். பணிக்கர் 1963 முதல் வரைந்த 'சொற்களும் குறியீடுகளும்' வரிசையை நம் வட்டத்தில் பார்க்காதவர் குறைவு. சோழமண்டலம் 1966-ல் உண்டாவதற்கு முன்பே தொடங்கிவிட்டார். மலையாள எழுத்துபோல் இருக்கும், எழுத்து அல்ல. ஜாதகக் கட்டம் போல் இருக்கும், கணக்குச் சமன்பாடு போல் இருக்கும், எதுவும் அதுவல்ல. மேல்நாட்டு அரூபத்துக்கு நம் ஏட்டிலும் ஜாதகத்திலும் இருந்தே பதில் கண்டார் என்று எழுதினவர்களோடு எனக்குச் சண்டை இல்லை. அந்தப் படங்களின் முன் நான் மணிக்கணக்கில் நின்றிருக்கிறேன். ஆனால் தகட்டைப் பிரித்த பிறகு ஒரு குறை தெரிந்தது. பணிக்கரின் எழுத்தில் பிழை செய்ய முடியாது. ஒரு சுழியைத் தள்ளிப் போட்டிருந்தால் அது வேறொரு நல்ல சுழி, அவ்வளவுதான். ஓவியனுக்கு அது சுதந்திரம். ஐயாவுக்கு அது நரகமாக இருந்திருக்கும். சரியும் தப்பும் இல்லாத குறியை எழுதுவதற்கு விடிகாலையில் எழுந்து குளிக்க வேண்டியதில்லை.

என் பேரன் வாசிக்கிற மாயலோகக் கதைகளில் குறிகளுக்குப் பஞ்சமில்லை. மந்திரவாதி காற்றில் ஒன்றை வரைகிறான், கதவு திறக்கிறது. அந்த லோகங்களில் குறி பெரும்பாலும் மின்சார விளக்கின் ஸ்விட்ச் மாதிரி வேலை செய்கிறது. டோல்கீன் மட்டும் கொஞ்சம் விஷயம் தெரிந்தவர். 1954-ல் வெளிவந்த அவருடைய புத்தகத்தில் மலைக் கதவொன்றின் மேல் எழுத்து இருக்கிறது, கிழட்டு மந்திரவாதி அதை வெகுநேரம் தப்பாகவே படித்துக்கொண்டு வெளியே உட்கார்ந்திருக்கிறான். எழுத்தில் பிழை இல்லை, படித்தவனிடம் பிழை. பேரன் அந்த இடம் சிரிப்பு என்றான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

புதுக்கோட்டைக்காரனுக்கு இன்னொரு கதை தெரியும். விஜயரகுநாதராயத் தொண்டைமான் திருவரங்குளம் காட்டில் சதாசிவ பிரம்மேந்திரரைக் கண்டார். 1738 என்பார்கள். பிரம்மேந்திரர் மௌனி. கேட்டதற்குப் பதிலாக மணலில் விரலால் மந்திரம் எழுதினார். ராஜா அந்த மணலைத் தன் மேல்துண்டில் அள்ளிக்கொண்டு அரண்மனைக்கு வந்தார். அந்த மணல் பூஜையில் வைக்கப்பட்டது. அரண்மனைத் தட்சிணாமூர்த்தி சந்நிதியோடு சேர்ந்தது அந்தக் கதை. சிறுவயதில் இதைக் கேட்டபோது எனக்கு ஒரே ஒரு சந்தேகம்தான் வந்தது: அள்ளும்போது எழுத்து கலைந்துவிடுமே? ஐயாவிடம் கேட்டேன்.

"கலையத்தான்டா செய்யும்."

"அப்ப எதுக்கு அள்ளினாரு?"

ஐயா பதில் சொல்லவில்லை. மருந்து இடித்துக்கொண்டிருந்தார் என்று ஞாபகம். கவிதையைப் பற்றிப் பேசவந்த ஒருவருக்கு ஒருமுறை இந்தக் கதையைச் சொன்னேன். ஆகா, வடிவம் அழிந்தும் சாரம் நிற்கிறது என்று உடனே குறித்துக்கொண்டார். எனக்கு அது அவ்வளவு சீக்கிரம் ஜீரணமாகவில்லை. படிக்கத் தெரிந்த ராஜா, படித்து முடித்துவிட்டுத்தான் அள்ளியிருப்பார். படித்த பிறகும் அந்த மண்ணை அப்படியே விட்டுவிட்டு வர அவருக்கு மனம் வரவில்லை. வேறொன்றும் இல்லை. அம்மா அந்தக் குப்பியை இருபத்தொன்பது வருஷம் பெட்டியில் வைத்திருந்ததும் அதனால்தான்.

அச்சில் வந்த என் முதல் கவிதையைப் பற்றியும் இங்கே சொல்லலாம். 1973. கைக்கு அடக்கமான பத்திரிகை, எழுத்துக் கோத்து அச்சடிக்கிற காலம். 'கருகு' என்று நான் எழுதியிருந்த இடத்தில் 'சருகு' என்று விழுந்துவிட்டது. க-வுக்குப் பதில் ச. தற்செயல்தான், நான் அதில் ஒன்றும் வாசிக்கப் போவதில்லை. பத்திரிகை வந்த வாரமே ஒரு நண்பர் கடிதம் எழுதினார். கவிதை முழுவதிலும் அந்தச் 'சருகு' ஒன்றுதான் தன்னை நிறுத்தியது என்று. நன்றி என்று பதில் போட்டேன். பிழை என்று சொல்லவில்லை. அடுத்த இதழில் திருத்தம் போடவும் கேட்கவில்லை. பின்னால் தொகுப்பு வந்தபோது சருகையே வைத்துக்கொண்டேன். ஐயாவாக இருந்தால் பத்திரிகையின் அத்தனை பிரதியையும் கிணற்றில் போட்டிருப்பார். ஆகவே கவிதையை மந்திரம் என்று யாராவது சொல்லும்போது எனக்கு இந்தச் சருகு ஞாபகம் வருகிறது. பிழையிலிருந்தும் நாம் லாபம் பார்த்துவிடுகிறோம். வசதியான தொழில். நம்மில் யாருடைய கவிதையாலும் யார் வீட்டுப் பிள்ளையும் பிழைக்கவேண்டியிருக்கவில்லை.

தகட்டுக்கு வருகிறேன். 1987-க்குப் பிறகு அதைப் பல தடவை பார்த்திருக்கிறேன். பூதக்கண்ணாடி வைத்து, வெயிலில் வைத்து, பக்கவாட்டில் வெளிச்சம் விழும்படி வைத்து. சில நாள் க, சில நாள் ச. என் மனசு எப்படியோ அப்படி. தகடு எழுதுகிற முறை தெரிந்தவன் என்ற வகையில் எனக்கே ஒரு நியாயம் தெரியும். ஐயா ஒன்றிலிருந்து தொடங்குவார். ஐந்துக்கு வலப்பக்க அறைதான் அவர் முதலில் வெட்டியது. கை ஓயாத, எழுத்தாணி சூடேறாத, மனசு வேறெங்கும் போகாத முதல் வெட்டு. அந்த இடத்தில் அவர் பிழை விட்டிருப்பார் என்பது ஆகாத காரியம். இது அன்று விளக்கு வெளிச்சத்திலேயே எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டேதான் ச-வைத் தேடினேன்.

இன்னொன்றும் இருக்கிறது. அந்தத் தகடு எழுதினபோது ஐயாவுக்குக் கண்ணில் புரை விழுந்துவிட்டது. கூட்டிப் பார்க்கிற வேலை என்னுடையது. எனக்கு அப்போது ஏழு வயது, பதினைந்து வருகிறதா என்று கூட்டத் தெரியும். அவருடைய மடியில் சாய்ந்துகொண்டு, விரல் வைத்து, பழைய எண்ணைப் புது எண்ணாக்கி, வரிசை வரிசையாகக் கூட்டிச் சொல்வேன். "சரியா வருதா?" என்பார். "வருது ஐயா" என்பேன். எத்தனையோ தகட்டுக்குச் சொல்லியிருக்கிறேன். பாப்பாவின் தகட்டுக்குச் சொன்னேனா, சொன்னபோது உண்மையிலேயே கூட்டினேனா, விளையாடப் போகிற அவசரத்தில் வாயால் சொன்னேனா என்று எவ்வளவு யோசித்தும் பிடிபடவில்லை. அந்த விடிகாலை மட்டும் ஞாபகத்தில் இல்லை. கூட்டின நாட்களெல்லாம் ஒன்றாகக் கலந்து கிடக்கின்றன.

எழுபதைத் தாண்டிவிட்டேன். தகடு என் மேஜை டிராயரில், அம்மாவின் அதே மஞ்சள் துணியில் இருக்கிறது. போன மாதம் மருமகள் டிராயரை ஒழுங்கு செய்யும்போது எடுத்துப் பார்த்தாள்.

"என்ன மாமா இது, இப்படிக் களிம்பேறிக் கிடக்கு? குடுங்க, புளி போட்டுத் தேச்சுக் குடுக்கிறேன். பளிச்சுனு ஆயிரும்."

செப்பைத் தேய்ப்பது எப்படி என்று எனக்குத் தெரியாதா? களிம்பு போனால் கீறல் கீறலாகவும் வெட்டு வெட்டாகவும் தனித்தனியே நின்றுவிடும். கால்மணி நேர வேலை.

வேண்டாம்மா, அப்படியே வை என்றேன். மடித்து வைத்துவிட்டுப் போனாள்.